பழைய படங்கள், கணக்கேடுகள், போன் திரை: செட்டிநாட்டு வீடுகளில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காரைக்குடி, தேவகோட்டை, கோட்டையூர், பள்ளத்தூர் பக்கத்து வீடுகளில் பழைய படம், கடிதம், கணக்கேடு இவற்றை ஸ்கேன் செய்து கொடுப்பது என் வேலை. எந்த வீட்டில் பெட்டியைத் திறந்தாலும் வருகிற சந்தேகங்கள் ஏறக்குறைய ஒன்றுதான். கேட்டவர்கள் கேட்ட மாதிரியே அவற்றை இங்கே தொகுத்திருக்கிறேன். என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: கறை, கிழிசல், தழும்பு, ஒன்றோடொன்று பொருந்தாத கதை எல்லாமே ஆவணத்தில் சேர்ந்தவைதான். போன் திரையில் முதலில் காணாமல் போவதும் அவைதான்.

போன்லயே எல்லாத்தையும் படம் எடுத்து வச்சுட்டோமே தம்பி, இதுக்கு மேல என்ன ஸ்கேனு?

போனில் எடுத்ததும் நல்லதுதான், ஒன்றும் இல்லாமல் போவதற்கு அது எவ்வளவோ மேல். ஆனால் பழைய கறுப்பு வெள்ளைப் படங்களில் கறுப்பான இடங்கள் நாளடைவில் வெள்ளி பூத்துக் கண்ணாடிபோல மின்னும். போனைக் காட்டினால் அந்த இடத்தில் வெளிச்சம் பட்டு, பார்க்க வேண்டிய முகமே வெளுத்துவிடும். போதாததற்கு, போன் தன் போக்கில் சொரசொரப்பை வழித்து மழமழவென்று ஆக்கிவிடுகிறது. ஸ்கேனரில் 600 டிபிஐ (ஓர் அங்குலத்துக்கு 600 புள்ளி) வைத்து எடுங்கள். பாஸ்போர்ட் அளவுப் படமென்றால் 1200. கோப்பை, தரம் குறையாமல் வைக்கும் டிஃப் (TIFF) வடிவில் சேமியுங்கள்.

இன்னொன்று, போனில் எடுப்பவர்கள் படத்தின் பின்பக்கத்தை எடுப்பதே இல்லை. அட்டையின் கீழ் மூலையில் ரங்கூன், பினாங்கு, கொழும்பு என்று ஸ்டுடியோ இருந்த ஊர் அச்சாகியிருக்கும். பின்னால் பென்சிலில் ஒரு மாதமும் தேதியும் இருக்கும், சில சமயம் செலவுக் கணக்குகூட இருக்கும். படம் எப்போது, எங்கே எடுக்கப்பட்டது என்பதற்கு அதைவிட நம்பகமான சாட்சி கிடையாது. முன்பக்கம், பின்பக்கம், சட்டத்தோடு ஒன்று, சட்டம் கழற்றி ஒன்று என எடுத்துவிடுங்கள்.

குடும்ப வாட்ஸ்அப் குரூப்புல எல்லாப் படமும் இருக்கே, அது போதாதா?

போதாது. வாட்ஸ்அப் படத்தைச் சுருக்கித்தான் அனுப்பும். கோப்புக்குள் இருக்கும் தேதி முதலிய விவரங்களும் உதிர்ந்துவிடும். அதையே இறக்கி, வெட்டி, மறுபடி ஏற்றினால் இன்னும் தேயும். அதிலேயே அனுப்பித்தான் ஆக வேண்டும் என்றால் ‘டாக்குமெண்ட்’ வழியாக அனுப்புங்கள், மூலக் கோப்பு அப்படியே போய்ச் சேரும்.

படம் தேய்வதைவிடப் பெரிய இழப்பு ஒன்று உண்டு. யாரோ ஒரு படத்தைப் போட்டதும் ஆச்சி குரல்பதிவில், “இது நம்ம பெரிய வீட்டு அப்பச்சி, பக்கத்துல நிக்கிறது பினாங்குல மேலாளா இருந்தவுக” என்று சொல்லியிருப்பார்கள். மறுநாள் காலை வணக்கப் படங்களுக்கு அடியில் அந்தக் குரல் போய்விடும். பிறகு படத்தை மட்டும் எடுத்துச் சேமிப்பார்கள், குரல் அதோடு வராது. படத்துக்கு ஓர் எண் கொடுத்து, அதே எண்ணில் குரலையும் சேமித்து, இரண்டையும் ஒரே கோப்புறையில் வையுங்கள். அதற்கு மூன்று பிரதி வேண்டும்: ஒன்று வீட்டில், ஒன்று வேறு ஊரில் இருக்கும் பங்காளி வீட்டில், ஒன்று இணையச் சேமிப்பில்.

படத்துல இருக்கிறது யாருன்னே தெரியலை. பேர் தெரியாத படத்தை வச்சு என்ன செய்ய?

ஸ்கேன் செய்து, பெரிதாக்கி, எண்பது வயதுக்கு மேற்பட்ட யாரிடமாவது காட்டுங்கள். நம் பக்கத்தில் தாத்தா பெயரையே பேரனுக்கு வைக்கிறோம். ஆகையால் “சிதம்பரம்” என்று மட்டும் குறித்தால் அது எந்தத் தலைமுறைச் சிதம்பரம் என்று ஐம்பது வருஷம் கழித்து யாருக்கும் விளங்காது. விலாச எழுத்துகள் (பெயருக்கு முன் வரும் குடும்ப முதலெழுத்துகள்), ஊர், நகரக் கோயில் (நகரத்தாரின், அதாவது செட்டிநாட்டுச் செட்டியார்களின், குலக் கோயில்), யாருக்கு மகன், யார் வீட்டில் பெண் எடுத்தவர் என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

“யார் இது?” என்று கேட்பதைவிட “இந்தப் படம் எந்த வீட்டுப் பட்டாலையில (கூடத்துல) மாட்டியிருந்துச்சு?” என்று கேட்டால் நினைவு சீக்கிரம் வருகிறது. முகம் மறந்தவர்களுக்கும் மாட்டியிருந்த இடம் மறப்பதில்லை. அப்படியும் தெரியாவிட்டால் “தெரியவில்லை” என்றே எழுதிவையுங்கள். ஊகத்தைப் பெயராக எழுதிவிட்டால் அடுத்த தலைமுறை அதை உண்மையாகவே எடுத்துக்கொள்ளும்.

ஏஐ-ல போட்டு அப்பத்தா படத்தைக் கலராக்கித் தர்றீகளா?

கேட்டால் செய்து தருகிறேன், ஆனால் மூலத்தைத் தொடாமல், தனிக் கோப்பாக, “கணினி ஊகித்த நிறம்” என்று படத்தின் மேலேயே எழுதித்தான் தருவேன். கறுப்பு வெள்ளைப் படத்துக்குள் நிறம் ஒளிந்திருக்கவில்லை. கணினி ஏற்கெனவே பார்த்த லட்சக்கணக்கான வேறு படங்களை வைத்து, இந்த இடத்தில் இந்த நிறம் இருக்கலாம் என்று ஊகிக்கிறது.

நம் பக்கத்துப் படங்களில் அந்த ஊகம் நன்றாகவே தவறுகிறது. அந்தக் காலத்தில் பரவலாக இருந்த ஒருவகை பிலிமில் சிவப்பு பதியாது. சிவப்பாக இருந்ததெல்லாம் கறுப்பாகத்தான் விழும். அப்பத்தா நெற்றியில் கரும்புள்ளியாகத் தெரிவது குங்குமமாக இருக்கலாம். கறுப்பாகத் தெரியும் கண்டாங்கிக் கரை அரக்குச் சிவப்பாக இருந்திருக்கலாம். கண்டாங்கியில் கறுப்பும் உண்டு, செங்கல் சிவப்பும் உண்டு, கடுகு மஞ்சளும் உண்டு. எது என்று சொல்ல அந்தச் சேலையைப் பார்த்தவர்களால்தான் முடியும். செயலி அதற்கு ஏதோ ஒரு சாம்பல் நீலத்தைக் கொடுத்துவிட்டுப் போகும். ஒரு கல்யாணப் படத்தில் கழுத்திருவின் உருக்களையெல்லாம் இழைத்து ஒரு சாதாரண நெக்லஸ் ஆக்கியிருந்தது. நகரத்தார் கல்யாணம் என்று அடையாளம் சொல்லும் நகையே அந்தப் படத்தில் இல்லாமல் போனது.

முகத்தைத் ‘தெளிவாக்கும்’ செயலிகள் இன்னும் மோசம். அம்மைத் தழும்பை அழுக்கு என்று நினைத்துத் துடைத்துவிடுகின்றன. இந்தியாவில் கடைசியாகப் பெரியம்மை கண்டது 1975-இல். அதற்கு முந்தைய தலைமுறை எதைத் தாண்டி வந்தது என்பது அந்த முகங்களில்தான் எழுதியிருக்கிறது.

அந்தக் காலத்து ஸ்டுடியோக்காரரும்தான் டச்சப் பண்ணினாரு. இப்பப் பண்ணினா மட்டும் குத்தமா?

நியாயமான கேள்வி. நெகட்டிவ் மேலேயே பென்சிலால் திருத்தினார்கள், படத்தின் மேல் வண்ணம் தீட்டினார்கள், பின்னால் இல்லாத மாளிகையையும் ஏரியையும் திரையாகத் தொங்கவிட்டார்கள். பட்டாலையில் தொங்கும் பாதிப் படங்கள் அப்படி அழகுபடுத்தியவைதான். அழகாகத் தெரிய வேண்டும் என்ற ஆசை செல்பேசியோடு வந்ததில்லை.

வித்தியாசம் வேறிடத்தில் இருக்கிறது. ஓவியர் வண்ணம் தீட்டிய இடம் கண்ணுக்குத் தெரியும். தூரிகை எங்கே நின்றது, எங்கே சேலைக் கரையைத் தாண்டி வழிந்தது என்று விரல் வைத்துக் காட்டலாம். சேலை நிறத்தை வீட்டாரிடம் கேட்டுத் தீட்டியவர்களும் உண்டு. இன்றைய செயலி எங்கே கை வைத்தது என்பதற்குத் தடயமே இருக்காது. அதைவிட, அன்று திருத்திய படம் ஒரு சுவரில் தொங்கியது. இன்று திருத்திய படம் சிங்கப்பூர், சிகாகோ என்று ஒரே நாளில் நூறு போன்களுக்குப் போகிறது, திருத்தாத மூலம் பெட்டியில் கரையான் அரிக்கக் கிடக்கிறது. எந்தப் பிரதி பரவுகிறதோ அதுதான் அப்பத்தாவின் முகம் என்று பேரப்பிள்ளைகள் மனதில் பதியும். ஆகவே திருத்துவதைக் குற்றம் என்று சொல்லமாட்டேன். மூலத்தையும் சேர்த்துப் பரப்பாததுதான் குற்றம்.

ஐயா சட்டை போடாம உக்காந்திருக்காக. கல்யாண வீடியோவுல போடணும், ஒரு சட்டை போட்டுவிட முடியுமா?

முடியும், ஆனால் நான் செய்வதில்லை. திருநீறும் மேல்துண்டுமாக வெற்றுடம்போடு உட்கார்ந்து படம் எடுத்துக்கொண்டது ஐயா விரும்பிச் செய்தது. அதில் அவருக்குக் கூச்சம் இல்லை. கூச்சம் நமக்குத்தான். கோட்டும் தலைப்பாகையுமாக எடுத்த படம் பெட்டியில் இருந்தால் அதைப் போடுங்கள்.

படம் பாதி கிழிஞ்சிருக்கு. ஒண்ணுல முகத்தையே கத்தரியால வெட்டி எடுத்திருக்காக. அதை நிரப்பிடலாமா?

கிழிசலுக்கு முதலில் செல்லோடேப் ஒட்டாதீர்கள், ஒட்டியிருந்தால் பிய்க்காதீர்கள். அதன் பசை மஞ்சளாகிப் படத்துக்குள் இறங்கிவிடும். துண்டுகளைச் சேர்த்து வைத்து அப்படியே ஸ்கேன் செய்தால் போதும். திரையில் கோட்டை மட்டும் மறைத்து இன்னொரு பிரதி செய்துகொள்ளலாம், மேலே சொன்னபடி மூலத்தோடு.

வெட்டிய முகம் வேறு விஷயம். அதை யாரோ உட்கார்ந்து, கத்தரி எடுத்து, அளந்து வெட்டியிருக்கிறார்கள். வழக்கோ, பாகப்பிரிவினையோ, சொல்ல முடியாத துக்கமோ, அந்த ஓட்டைக்குப் பின்னால் ஒரு காரணம் இருக்கிறது. அதில் ஏஐ ஒரு முகத்தை வரைந்தால் பிறக்காத ஒருவரைக் குடும்பத்தில் சேர்க்கிறோம், வெட்டியவரின் கோபத்தையும் அழிக்கிறோம். ஓட்டையை ஓட்டையாகவே விடுங்கள்.

ரீல்ஸ்ல வர்ற செட்டிநாட்டைப் பார்த்தா நம்ம ஊரு மாதிரியே இல்லையே?

அதில் வருவதும் நம் ஊர்தான், ஆனால் ஒரு மூலை மட்டும். வளவின் (உள்முற்றத்தின்) நடுவில் நின்று எடுத்த சமச்சீரான சட்டகம், பர்மாத் தேக்குத் தூண், பூக்கல் தரை, ட்ரோனில் ஓட்டுக் கூரை. நிமிஷத்துக்குள் கண்ணைப் பிடிப்பதைத்தான் அந்தத் திரை மேலே தள்ளும். பூட்டிக் கிடக்கும் வீடு, இருபது பங்காளிக்குப் பொதுவாகி ஓடு மாற்ற ஆளில்லாத வீடு, முனீஸ்வரன் கோயில் தெருப் பழம்பொருள் கடைகளில் விலைக்கு நிற்கும் கதவும் தூணும், இவை அதில் வருவது குறைவு. வந்தாலும் பேய் வீடு என்ற தலைப்பில் வருகின்றன. அதைப் பார்த்தால் எனக்கு வயிறு எரிகிறது.

அந்த வீடுகள் பூட்டியிருப்பதற்குப் பேய் காரணமில்லை. நகரத்தார் கடன் கொடுத்து வணிகம் செய்த பர்மாவில் 1930-களில் நெல்விலை விழுந்தது. 1942-இல் ஜப்பான் படை ரங்கூனைப் பிடித்தது. விடுதலைக்குப் பின் பர்மா அரசு நிலங்களை எடுத்துக்கொண்டது, 1963-64-இல் வங்கிகளையும் வணிகத்தையும் நாட்டுடைமையாக்கியது. கடல் தாண்டி வந்த பணத்தை நம்பிக் கட்டிய வீட்டை அந்தப் பணம் நின்றபின் யாரால் பராமரிக்க முடியும்? 2014-இல் உலகப் பாரம்பரியச் சின்னங்களுக்கான யுனெஸ்கோவின் உத்தேசப் பட்டியலில் செட்டிநாடு சேர்ந்தபோதுகூட, ஒரு மாளிகையாக அல்ல, தமிழ் வணிகர்களின் ஊர்த்தொகுதிகளாகத்தான் சேர்ந்தது. தெரு, ஊரணி, கோயில், வீடு எல்லாம் சேர்ந்தது ஊர். நீங்கள் படம் எடுக்கும்போது வீட்டின் பின்பகுதியில் இடிந்து கிடக்கும் மூன்றாங்கட்டையும் எடுத்து, எந்த வருஷம் என்று எழுதுங்கள்.

“ஒரு கல்லு மாதிரி இன்னொரு கல்லு இல்லை”ன்னு நெட்டுல ஒரு ஸ்டார் போட்டுட்டுப் போயிட்டாங்க. கையில செய்யறதுல வேற எப்படி வரும்?

ஆத்தங்குடியில் தரைக்குப் பதிக்கும் பூக்கல் செய்யும் ஒருவர் கேட்டது இது. செய்முறையைத் தெரிந்துகொண்டவர்கள் அந்த ஸ்டாரைப் போட்டிருக்கமாட்டார்கள். இரும்புச் சட்டத்துக்குள் கண்ணாடித் தகடு, அதன்மேல் பூ அச்சு. அச்சின் ஒவ்வொரு அறையிலும் சிமெண்டோடு நிறப்பொடி கரைத்த கலவையைக் கரண்டியால் ஊற்றுகிறார்கள். பிறகு கை நடுங்காமல் அச்சை நேர்மேலே தூக்க வேண்டும். அந்த நொடியில் சிவப்பு மஞ்சளோடு ஒரு மயிரிழை கலக்கும், ஒவ்வொரு கல்லிலும் வேறு வேறு இடத்தில். அதன்மேல் உலர்ந்த சிமெண்டும் மணலும் தூவி, ஈரக் கலவை வைத்து அமுக்கி மட்டம் செய்கிறார்கள். இறுகியபின் தண்ணீர்த் தொட்டியில் சில நாள் ஊற வேண்டும். சூளையும் இல்லை, மெருகு எந்திரமும் இல்லை. கண்ணாடியில் படிந்து கிடந்ததால்தான் அந்த வழவழப்பு. மிச்ச மெருகை வீட்டில் நடக்கிறவர்களின் கால் கொடுக்கிறது.

திரையில் ஒரே ஒரு கல்லைப் பார்த்து வாங்குபவர், ஆயிரம் கல்லும் அதன் நகலாக வரும் என்று எதிர்பார்க்கிறார். எந்திரத்தில் ‘ஆத்தங்குடி டிசைன்’ அச்சடித்த செராமிக் ஓடுகள் அந்த எதிர்பார்ப்பை நிறைவேற்றவும் செய்கின்றன. அதற்காகக் கைவேலை என்று சொல்லி எதையும் விற்கலாம் என்று நான் சொல்லவில்லை. விளிம்பு உடைந்த கல், கனம் ஏறி இறங்கிய கல், ஊறாமல் எடுத்ததால் நிறப்பரப்பு உரியும் கல், இவை குறைதான், மாற்றித்தான் தர வேண்டும். பூவின் ஓரம் சற்றே கலங்கியிருப்பதும் நிறம் ஒரு சாயல் மாறுவதும் குறையல்ல. அவரிடம் நான் சொன்னது இதுதான்: நல்ல கல் ஒன்றைப் படமெடுத்துப் போடாதீர்கள். பதித்த தரை முழுவதையும் போடுங்கள், இரண்டு வகையையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து எது மாற்றித் தருவோம், எது மாற்றமாட்டோம் என்று எழுதிவிடுங்கள்.

செட்டிநாட்டுச் சாப்பாடுன்னா காரம்னுதானே எல்லா வீடியோவும் சொல்லுது?

வெள்ளைப் பணியாரம், பால் பணியாரம், கந்தரப்பம், கவுனி அரிசி, கும்மாயம். இவற்றில் எது காரம்? ஹோட்டல் பலகையில் ஆரம்பித்த ஒரு சுருக்கத்தைத் திரை ஊதிப் பெருக்கிவிட்டது. ஆச்சிமார் கைப்பக்குவத்தை எழுதிவைக்கும்போது “கொஞ்சம்”, “ஒரு கை” என்று அவர்கள் சொல்வதை கிராமாக மட்டும் மாற்றி எழுதாதீர்கள், இரண்டையும் எழுதுங்கள்.

எல்லாரும் சுவத்துக்கு முட்டை வெள்ளைக்கரு பூசினதைத்தான் எழுதுறாக. பத்து இடத்துல இருந்தா அது சரியாத்தானே இருக்கும்?

பத்து இடத்தில் இருப்பது பத்துச் சாட்சி ஆகாது. ஒருவர் எழுதியதை ஒன்பது பேர் எடுத்து ஒட்டியிருந்தால் அது ஒரு சாட்சிதான். வாக்கியம் அப்படியே ஒத்துப்போகிறதா என்று பாருங்கள், தெரிந்துவிடும்.

முட்டையைச் சொல்லும் பதிவுகள் சுண்ணாம்பைச் சொல்வதில்லை. சுண்ணாம்பை நாள்கணக்கில் ஊறவைத்து, சலித்து, வெண்ணெய்போல அரைத்து, அடுக்கடுக்காகப் பூசி, ஈரம் காய்வதற்குள் தேய்த்துத் தேய்த்து மெருகேற்றினார்கள். அந்தச் சுவரின் பளபளப்பு அந்தக் கைகளில்தான் இருந்தது. இன்னும் அந்த வேலை தெரிந்த கொத்தனார்கள் இருக்கிறார்கள். அவர்களிடம் கேட்டுப் பதிவுசெய்தால் ஆயிரம் பகிர்வுகளைவிட அது பெறும்.

எங்க தாத்தா அந்த வீட்டுல ஆசாரி வேலை பார்த்தவரு. எந்தப் படத்துலயும் அவரு இல்லையே?

இந்தக் கேள்விக்கு முழுப் பதில் என்னிடம் இல்லை, கேள்வி மட்டும் மனதை விட்டுப் போவதில்லை. நிலைக்கதவில் கஜலட்சுமியைச் செதுக்கியவர், சுண்ணாம்பு அரைத்தவர், கண்டாங்கி நெய்தவர், சமையற்கட்டில் புகையில் நின்றவர் இவர்களெல்லாம் ஸ்டுடியோவுக்குப் போனதில்லை. ‘செட்டிநாட்டு நினைவுகள்’ என்று இணையத்தில் குவிவது பெரும்பாலும் படம் எடுக்க வசதி இருந்தவர்களின் நினைவு.

ஆனால் தேடினால் சிலர் கிடைக்கிறார்கள். குடும்பப் படத்தின் ஓரத்தில் குழந்தையை ஏந்தி நிற்கும் பெண், பின்னால் தூணை ஒட்டிப் பாதி தெரியும் பையன். ஸ்கேன் செய்தபின் ‘அழகாக’ வெட்டும்போது முதலில் போவது இவர்கள்தான். அதனால் ஓரத்தை வெட்டவே வேண்டாம். வீட்டுச் செலவுக் கணக்கில் தச்சுக்கூலி, கல்கூலி என்ற வரிகளில் பெயர் எழுதியிருக்கும், அந்தப் பக்கங்களையும் சேர்த்து ஸ்கேன் செய்யுங்கள். உங்கள் வீட்டில் தாத்தாவின் உளி இருந்தால் அதைப் படமெடுத்து, எந்த வீட்டில் வேலை செய்தார் என்று குரலில் பதிந்து, அந்த வீட்டாரின் தொகுப்பிலேயே சேர்க்கச் சொல்லிக் கேளுங்கள். கேட்பது உங்கள் உரிமை.

ரங்கூன் கதையை அண்ணன் ஒண்ணு சொல்றாக, அத்தை ஒண்ணு சொல்றாக. எதை ஏத்துறது?

இரண்டையும், சொன்னவர் பெயரும் சொன்ன நாளும் போட்டு ஏற்றுங்கள். 1942-இல் நடந்தே வந்தோம் என்பார் ஒருவர், கப்பலில் வந்தோம் என்பார் இன்னொருவர். ஒரே குடும்பத்தில் இரண்டு பேர் இரண்டு வழியில் வந்திருக்கலாம். ஒன்றாக்கி எழுதினால் வாசிக்கச் சுகமாக இருக்கும், ஆனால் ஒருவருடைய நடை அதில் தொலைந்துவிடும்.

வீட்டுக்கு வெளியே மூன்றாவது நினைவும் ஒன்று இருக்கிறது. கீழ்ப் பர்மாவின் முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் சுமார் 6 விழுக்காடு நிலம் செட்டியார்களிடம் இருந்தது. விவசாயிகளுக்குக் கொடுத்த கடன் திரும்பாமல் போய் 1937-38 வாக்கில் அது 25 விழுக்காடு ஆனது. நாம் ‘எல்லாம் போச்சு’ என்று நினைவு வைத்திருக்கிற அதே காலத்தைப் பர்மா விவசாயி நிலம் பறிபோன காலமாக நினைவு வைத்திருக்கிறார். நம் பேரேடுகளில் அவர்கள் பெயரும் இருக்கிறது. பெருமையான பக்கங்களை மட்டும் ஏற்றுகிற தொகுப்பைக் குடும்ப ஆல்பம் என்று வேண்டுமானால் சொல்லலாம், வரலாறு என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

அப்ப பிள்ளை கூட்டினது, பங்காளிச் சண்டை, வழக்கு இதெல்லாம்கூட நெட்டுல போடணுமா?

இல்லை. பாதுகாப்பது வேறு, ஊருக்குக் காட்டுவது வேறு. எல்லாவற்றையும் ஸ்கேன் செய்யுங்கள், ஆனால் உயிரோடு இருப்பவர்களைத் தொடும் விஷயத்தை அவர்களைக் கேட்காமல் வெளியிடாதீர்கள். சுவீகாரம் (பிள்ளை கூட்டியது), இசைகுடிமானம் (கல்யாண ஒப்பந்தத் தாள்), முறைச்சிட்டை (சீர்வரிசைப் பட்டியல்), நோய், கடன் இவற்றைப் பூட்டிய கோப்புறையில் வைத்து, இன்ன வருஷம் வரை திறக்க வேண்டாம் என்று எழுதிவையுங்கள். பிடிக்காத தாளைக் கிழித்துவிடுவது மட்டும் வேண்டாம்.

வீட்டுல வச்சுக்க முடியலை. எங்கே கொடுக்கலாம்?

கோட்டையூரில் ரோஜா முத்தையா செட்டியார் புத்தகங்களோடு நாடக நோட்டீசு, அழைப்பிதழ், பாட்டுப் புத்தகம் என்று மற்றவர்கள் பழைய தாள் கடைக்குப் போடுவதையெல்லாம் சேர்த்து வைத்தார். 1992-இல் அவர் மறைந்தபின் அந்தத் தொகுப்பை சிகாகோ பல்கலைக்கழகம் வாங்கியது. 1994-இல் அதை வைத்து சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் தொடங்கப்பட்டது. அச்சுத் தாள்கள், நூல்கள் இருந்தால் அங்கே கேளுங்கள். ஸ்டுடியோப் படங்கள் என்றால் புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனத்தையும் விசாரிக்கலாம். பழைய தமிழ் ஸ்டுடியோப் படங்களை பிரிட்டிஷ் நூலகத்தின் அழியும் ஆவணத் திட்டத்தின் கீழ் எண்மப்படுத்தியவர்கள் அவர்கள்.

கொடுப்பதற்கு முன் உங்களுக்கு ஒரு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். யாருக்குக் காட்டலாம், யாருக்குக் கூடாது என்பதை எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். படங்களைத் துடைக்காமல், ஆல்பத்திலிருந்து பிரிக்காமல், இருக்கிற வரிசையிலேயே கொடுங்கள். எந்தப் படத்துக்குப் பக்கத்தில் எந்தப் படம் ஒட்டியிருந்தது என்பதும் அவர்களுக்குத் தேவைப்படும்.